ஜப்பானில் ஒரு மணி நேர ககுரா போதுமா, விடிய விடிய உட்கார வேண்டுமா?

டிசம்பரில் பத்து நாள் ஜப்பான் செல்வதாகவும், அங்குள்ள நாட்டார் ஆட்டம் ஒன்றையாவது நேரில் பார்க்க ஆசை என்றும், பயணிகளுக்காக நடத்தப்படும் ஒரு மணி நேர நிகழ்ச்சியைப் பார்த்தாலே போதுமா என்றும் கேட்டிருக்கிறீர்கள். மனைவியோடு செல்கிறீர்கள், ஜப்பானிய மொழி தெரியாது, பயணச்சீட்டு ஏற்கெனவே எடுத்தாகிவிட்டது என்று வைத்துக்கொண்டுதான் எழுதுகிறேன். இரண்டு ஆண்டுகள் ஃபுகுவோக்காவில் வேலை பார்த்தபோது நானும் இதே கேள்வியைப் பலரிடம் கேட்டு, கிடைத்த பதில்களை நம்பி, கடைசியில் ஒரு கிராமத்து வீட்டில் அசடு வழிய நின்றவன்.

எனக்குத் தெரிந்தது கியூஷுத் தீவில் மியாசாக்கி மாகாணத்தின் மலைகளுக்கிடையே இருக்கும் தகச்சிஹோ என்ற ஊரின் ககுரா, அதாவது தெய்வங்களுக்காக ஆடும் சடங்கு ஆட்டம், மட்டுமே. ஜப்பானில் ககுரா வட்டாரத்துக்கு வட்டாரம் வேறுபடும். ஆகவே ஷிமானே மாகாணத்து ககுராவைப் பார்த்தவர்களும் இவாத்தே மாகாணத்து ககுராவைப் பார்த்தவர்களும் என்னைத் திருத்த வரவேண்டாம். தகச்சிஹோவில் இரண்டு வகையாகப் பார்க்கலாம். தகச்சிஹோ ஆலயத்தின் மண்டபத்தில் ஆண்டு முழுவதும் இரவு எட்டு மணிக்கு ஒரு மணி நேரத்தில் நான்கு ஆட்டங்களை ஆடிக் காட்டுகிறார்கள். இதற்குக் கட்டணம் உண்டு. நவம்பர் நடுப்பகுதியிலிருந்து பிப்ரவரி வரை, சுற்றியுள்ள ஏறத்தாழ இருபது சிற்றூர்களில், ஒவ்வொன்றும் தனக்கென ஓர் இரவைக் குறித்துக்கொண்டு, மாலை தொடங்கி மறுநாள் காலை வரை முப்பத்து மூன்று ஆட்டங்களையும் ஆடுகிறார்கள். அதற்கு யோககுரா, அதாவது இரவுக் ககுரா, என்று பெயர். விளைச்சலுக்கு நன்றி சொல்லி அடுத்த ஆண்டுக்கு வேண்டிக்கொள்வதுதான் அதன் நோக்கம். 1978இல் அரசு இதை முக்கியமான நாட்டார் பண்பாட்டுச் சொத்தாக அறிவித்தது.

முதல் நாள் இரவு ஆலயத்து நிகழ்ச்சிக்குத்தான் சென்றோம். கதை உங்களுக்கும் தெரிந்திருக்கலாம். தம்பியின் அட்டூழியம் பொறுக்காமல் சூரிய தேவியான அமதெராசு ஒரு குகைக்குள் சென்று கதவடைத்துக்கொள்கிறாள், உலகம் இருண்டுபோகிறது, வெளியே கூடிய தேவர்களின் நடுவே உசுமே ஆடுகிறாள், சிரிப்பொலி கேட்டு உள்ளிருப்பவள் எட்டிப் பார்க்கும் நேரத்தில் தஜிகராவோ என்ற பலசாலி பாறைக் கதவைப் பெயர்த்து எறிகிறான். 712இல் தொகுக்கப்பட்ட கொஜிக்கி என்ற ஜப்பானியப் பழநூலிலேயே ஏறத்தாழ இப்படி உள்ள கதை இது. நான்கில் மூன்று ஆட்டங்கள் இதைச் சொல்கின்றன. நான்காவதில் படைப்புத் தெய்வங்களான இசானகியும் இசானமியும் கணவன் மனைவியாக வந்து அரிசி மது வடித்து, குடித்து, ஒருவர் மேல் ஒருவர் சாய்ந்து, நடுவே பார்வையாளர்களுக்குள்ளும் புகுந்துவிடுகிறார்கள். முகமூடி அணிந்த இசானகி என் மனைவியின் பக்கத்தில் வந்து உட்கார்ந்து தோளில் சாய்வதும், இசானமி வந்து அவரைக் காதைப் பிடிக்காத குறையாக இழுத்துச் செல்வதும் நடந்தபோது அரங்கமே சிரித்தது. இதை ஆபாசம் என்று எழுதுபவர்களைப் பார்த்திருக்கிறேன். கோயில் திருவிழாவில் கட்டியங்காரன் பேசும் பேச்சைக் கேட்டு வளர்ந்த எனக்கு அப்படித் தோன்றவில்லை.

ஆனால் அன்றிரவு விடுதிக்குத் திரும்பும்போது, "இது பயணிகளுக்காகச் செய்கிற வேடிக்கை, நாளைக்குப் பார்க்கப்போவதுதான் அசல்" என்று மனைவியிடம் பெரிய மனிதத்தனமாகச் சொன்னேன். மறுநாள் சனிக்கிழமை. ஊர்ச் சுற்றுலாச் சங்கம் ஆண்டுதோறும் வெளியிடும் தேதிப் பட்டியலைப் பார்த்து ஒரு சிற்றூரைத் தேர்ந்தெடுத்து, வாடகைக் காரில் போய்ச் சேர்ந்தோம். கடலோர நகரான நோபெயோக்காவிலிருந்து தகச்சிஹோவுக்கு வந்துகொண்டிருந்த ரயில் பாதை 2005 செப்டம்பரில் வந்த புயலில் அடித்துச் செல்லப்பட்ட பிறகு திரும்ப வரவே இல்லை. பேருந்து உண்டென்றாலும் இரவில் அந்தச் சிற்றூர்களுக்கு அது உதவாது.

ஆட்டம் ஒரு வீட்டில் நடந்தது. சில ஊர்களில் இப்போது பொதுக்கூடத்துக்கு மாற்றிவிட்டார்கள். நாங்கள் போனது வீடு. முன்பக்கக் கதவுகளையெல்லாம் கழற்றிவிட்டு, உள்ளறையில் வைக்கோற் கயிறு கட்டி, அதில் வெள்ளைத் தாளில் கத்தரித்த உருவங்களை வரிசையாகத் தொங்கவிட்டிருந்தார்கள். அந்தச் சதுரம்தான் சாமிக்கான இடம். வாசலில் மேசை போட்டு உட்கார்ந்திருந்த பெரியவரிடம் பணப்பையைத் திறந்துகொண்டே, "டிக்கெட் எவ்வளவு?" என்று எனக்குத் தெரிந்த அரைகுறை ஜப்பானிய மொழியில் கேட்டேன். அவர் சிரித்து, கையை இல்லை என்பதுபோல் அசைத்து, உள்ளே போய் உட்காரச் சொல்லிவிட்டார். இலவசம் போலும் என்று நினைத்துக்கொண்டு முன்வரிசையில் போய் உட்கார்ந்தேன்.

குளிரைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். கதவில்லாத வீடு, டிசம்பர் மாதம், மலை. நள்ளிரவுக்குப் பிறகு சுழியத்துக்குக் கீழே போகக்கூடும். கம்பளி உள்ளாடை, இரண்டு சோடி காலுறை, ஒரு போர்வை இல்லாமல் போகாதீர்கள். பாயில் உட்காருவதற்குக் காலணியைக் கழற்றியாக வேண்டும். எங்களிடம் போர்வை இல்லை. பக்கத்தில் இருந்த பாட்டி தம் போர்வையில் பாதியை என் மனைவியின் முழங்கால்மேல் இழுத்துப் போட்டார், ஒரு வார்த்தையும் பேசாமல்.

முகமூடி இல்லாமல், வாளோடும் வில்லோடும் மணியோடும் ஆடும் ஆட்டங்கள்தான் இரவின் பெரும்பகுதி. ஒரே அடவு கிழக்கு, தெற்கு, மேற்கு, வடக்கு என்று திரும்பத் திரும்ப வரும். மேளமும் குழலும் ஒரே போக்கில் போய்க்கொண்டிருக்கும். அலுப்பாக இருக்குமா என்று கேட்டால், இருக்கும். இதை மறைத்து எழுதுகிறவர்களை நம்பவேண்டாம். ஆனால் அந்த அலுப்புக்குள் ஊர் தன் பாட்டுக்கு நடமாடிக்கொண்டிருந்தது. பிள்ளைகள் பெரியவர்களின் மடியில் தூங்கின. அடுப்படியிலிருந்து வேகவைத்த சேம்பும் மூங்கில் குருத்தும் வந்தன. முற்றத்தில் நெருப்பு மூட்டி, பச்சை மூங்கில் குழாயில் ஊற்றிச் சுடவைத்த மதுவை ஆண்கள் ஒருவருக்கொருவர் ஊற்றிக்கொடுத்தார்கள். ஆடுகிறவர்களை ஹோஷாடோன் என்கிறார்கள். தொழில்முறைக் கலைஞர்கள் அல்லர், அந்தந்த ஊர்க்காரர்களே.

பதினொரு மணி அளவில் மேளத்தில் உட்கார்ந்தவரைப் பார்த்து மனைவி என் விலாவில் இடித்தாள். முந்தைய இரவு நிகழ்ச்சி முடிந்ததும் முகமூடியைக் கழற்றிவிட்டு வணக்கம் சொன்ன அதே இசானகி. பிறகு கேட்டுத் தெரிந்துகொண்டேன்: ஆலயத்து ஒரு மணி நேர ககுராவுக்கும் இந்தச் சிற்றூர்க்காரர்கள்தாம் முறை வைத்துக்கொண்டு வருகிறார்கள். அசல், போலி என்று முந்தைய இரவு நான் பேசிய பேச்சை மனைவி இன்றுவரை சொல்லிக் காட்டுகிறாள்.

அதைவிடப் பெரிய வெட்கம் அடுத்து வந்தது. கால் மரத்துப்போய் எழுந்து பின்னால் சென்றபோதுதான் சுவரைக் கவனித்தேன். நீளநீளமான தாள்களில் தூரிகையால் எழுதிய பெயர்கள், ஒவ்வொன்றுக்கும் கீழே ஷோச்சு என்ற சாராயம் இரண்டு போத்தல் என்றோ ஒரு தொகையோ. வந்தவர்கள் எல்லாரும் காணிக்கை கொடுத்திருக்கிறார்கள், வெளியூர்ப் பயணிகள் உட்பட. டிக்கெட் கேட்ட என்னைப் பெரியவர் சங்கடப்படுத்த விரும்பவில்லை, அவ்வளவுதான். நான்கு மணி நேரமாக அவர்கள் வீட்டுச் சேம்பைத் தின்றுகொண்டு முன்வரிசையில் கைவீசி உட்கார்ந்திருந்திருக்கிறேன்.

உறை இல்லை. குறிப்பேட்டிலிருந்து ஒரு தாளைக் கிழித்து, மூவாயிரம் யென்னை அதில் மடித்து வைத்து, இரண்டு கையாலும் கொண்டுபோய்க் கொடுத்தேன். பெரியவர் எழுந்து நின்று வாங்கிக்கொண்டார். பிறகு தூரிகையை மையில் தோய்த்து, என் பெயரை மூன்று முறை சொல்லச் சொல்லிக் கேட்டார்.

இங்கே ஒரு மனக்குறையையும் சொல்லிவிடுகிறேன். ஊருக்குத் திரும்பியபின் நண்பர் குடும்பத்துக்காகச் சென்னையில் ஒரு பயண முகவரிடம் தகச்சிஹோவைப் பற்றிப் பேசினேன். "கியூஷுவில ஒண்ணும் இல்ல சார், டோக்கியோ, கியோட்டோ, ஒசாகா போதும், கல்ச்சர் புரோகிராம் வேணும்னா டின்னரோட சேத்துத் தரேன்" என்றார். அந்த டின்னரின் விலையில் கியூஷுவில் இரண்டு நாள் தங்கலாம். எல்லா முகவர்களும் அப்படியில்லை என்று யாராவது எழுதுவீர்கள். எனக்கு வாய்த்தவர் அப்படி.

நான்கு மணிக்கு மேல் தூங்கிப்போனேன். சிறுவயதில் செய்யாற்றுப் பக்கத்தில் கூத்துப் பார்க்கும்போதும் இப்படித்தான். விடியற்காலைக் கட்டத்துக்கு அப்பா உலுக்கி எழுப்புவார். இங்கே அந்தப் பாட்டி என் முழங்காலில் இரண்டு தட்டுத் தட்டினார். கண்ணைத் திறந்தபோது சிவப்பு முகமூடிக்காரர் பாறைக் கதவைத் தலைக்குமேல் தூக்கி மூச்சிரைக்க நின்றார். அவருக்குப் பின்னால், கழற்றிவைத்த கதவுகளின் இடைவெளியில், மலைக்கு மேலே வானம் சாம்பல் நிறமாக வெளுத்திருந்தது. ஆலய மண்டபத்தில் இரவு எட்டே முக்காலுக்கு இதே ஆட்டத்தைப் பார்த்திருந்தேன். அங்கே குகை திறந்தபின் வெளியே இருட்டுத்தான் இருந்தது.

உங்கள் கேள்விக்கு வருகிறேன். உங்கள் பத்து நாளில் சனிக்கிழமை ஒன்று கியூஷுவுக்கு ஒதுங்காது என்றால் ஆலயத்து ஒரு மணி நேரத்தைப் பாருங்கள். அது குறைந்ததல்ல, ஆடுகிறவர்களும் அவர்களே. ஒதுங்கும் என்றால் முதல் நாள் அதைப் பார்த்துக் கதையைத் தெரிந்துகொண்டு, மறுநாள் இரவு சிற்றூருக்குச் செல்லுங்கள். விடியும்வரை உட்கார முடியாவிட்டால் நடுவில் கிளம்பலாம், யாரும் தவறாக நினைப்பதில்லை. கயிறு கட்டிய சதுரத்துக்குள் காலை நீட்டாதீர்கள், ஃபிளாஷ் போட்டுப் படமெடுக்காதீர்கள். காணிக்கையை ஓர் உறையில் இட்டு, பெயரை ஜப்பானிய எழுத்தில் எழுதி எடுத்துச் செல்லுங்கள். நான் அப்படிச் செய்யாததால், கூரையிலிருந்து காகிதத் துணுக்குகள் பனிபோல் கொட்டி ஆட்டம் முடிந்து நாங்கள் வெளியே வந்தபோது, சுவரின் கடைசித் தாளில் என் பெயரின் ழகரம் ரகரமாகித் தொங்கிக்கொண்டிருந்தது. அதைப் படமெடுத்து வைத்திருக்கிறேன்.