கறுப்புக் கண்ணாடி போட்டும் தண்ணீர் கூசுகிறதே?

கேள்வி: ஏரிக்கரையில் உட்கார்ந்து தூண்டில் போடுவேன். கண் கூசாமலிருக்க நல்ல கறுப்பாக ஒரு கூலிங் கிளாஸ் வாங்கினேன். வெளிச்சம் குறைந்ததே தவிர, தண்ணீர்மேல் பளபளப்பு போகவில்லை. போலரைஸ்டு கண்ணாடி வாங்கச் சொல்கிறார்கள், விலையும் கூட. அதில் விஷயம் இருக்கிறதா? கடையிலேயே சோதிக்க முடியுமா?

பதில்: நிச்சயமாக இருக்கிறது. உங்களிடம் இருப்பது வெறும் நிறக்கண்ணாடி. பளபளப்போடு சேர்த்து மீனையும் மங்கலாக்கிவிடும். போலரைஸ்டு கண்ணாடி ஆள் பார்த்துத்தான் உள்ளே விடும்.

வெயிலில் ஒளி எல்லாப் பக்கமும் அதிர்ந்துகொண்டு வருகிறது. அது தண்ணீரில் உள்ள எலெக்ட்ரான்களை ஆட்டுகிறது. ஆடும் எலெக்ட்ரான்கள் ஒளியைத் திருப்பி வீசுகின்றன. ஆனால் எந்த எலெக்ட்ரானும் தான் ஆடுகிற திசையிலேயே ஒளியை வீசாது. செங்குத்துக் கோட்டிலிருந்து சுமார் 53 பாகை சாய்வில் ஒளி விழும்போது, மேலும் கீழுமான அதிர்வு கிளப்பும் ஆட்டம், சரியாக ஒளி திரும்பிவரும் திசையை நோக்கி அமைந்துவிடுகிறது. ஆகவே அந்தப் பங்கு திரும்பி வருவதே இல்லை. மிஞ்சுவது நீர்ப்பரப்புக்கு இணையாகக் கிடைமட்டத்தில் அதிரும் ஒளி மட்டும். பாடப்புத்தகம் இதைத்தான் தளவிளைவு (போலரைசேஷன்) என்கிறது. 1808-இல் பாரிஸில் எத்தியேன் மாலுஸ் என்ற பிரெஞ்சு இயற்பியலாளர், லக்சம்பர்க் அரண்மனைச் சன்னல்களில் பட்டுத் திரும்பிய வெயிலைக் கால்சைட் படிகத்தின் வழியே பார்த்து இதைக் கண்டுபிடித்தார். கோணத்துக்கான விதியை 1815-இல் சொன்னவர் ஸ்காட்லாந்து இயற்பியலாளர் டேவிட் ப்ரூஸ்டர். எனக்கு அலுக்காத கதை இது!

போலரைஸ்டு கண்ணாடி அந்தக் கிடைமட்ட ஒளியைத்தான் தடுக்கிறது. நின்று பார்ப்பவருக்கு ஏழு அடி தள்ளியிருக்கும் தண்ணீரில் பலன் மிக அதிகம். காலடியிலும் தொலைவிலும் குறையும், கொஞ்சம் கூசத்தான் செய்யும். தலையைப் பக்கவாட்டில் சாய்த்தாலும் பளபளப்பு திரும்பிவிடும். அதைக் கோளாறு என்று நினைக்காதீர்கள்.

சரி, சோதனை. கடையில் வழவழப்பான தரையில் விளக்கு பளிச்சிடும் இடத்தை ஏழெட்டு அடி தள்ளி நின்று, கண்ணாடியின் ஒரு பக்கம் வழியே பாருங்கள். அப்படியே கண்ணாடியைக் கால்சுற்று திருப்புங்கள். மங்கியிருந்த பளபளப்பு பளீரென்று திரும்பி வந்தால் அசல். எப்படித் திருப்பினாலும் ஒரே மாதிரி இருந்தால் அது சாயம் மட்டுமே, கூடுதல் பணம் கொடுக்காதீர்கள். பளபளக்கும் உலோகத்தில் மட்டும் சோதிக்க வேண்டாம். அங்கே திரும்பும் ஒளி இப்படிப் பிரிவதில்லை. கைபேசித் திரையையும் முழுதாக நம்ப முடியாது. சில திரைகள் எந்தப் பக்கம் திருப்பினாலும் இருளாது.

அப்புறம், போலரைஸ்டு என்று எழுதியிருப்பதாலேயே புற ஊதாக் கதிரைத் தடுக்கும் என்று எண்ணிவிடாதீர்கள். அது வேறு சங்கதி. ‘யூவி 400’ (400 நானோமீட்டர் வரையுள்ள புற ஊதாவைத் தடுக்கும் என்று பொருள்) என்ற குறிப்பு தனியாக இருக்கிறதா என்று பாருங்கள். அந்தத் தடுப்பு இல்லாத கறுப்புக் கண்ணாடிக்குப் பின்னால் கண்பாவை விரிந்து, கூடுதல் புற ஊதா உள்ளே போகக்கூடும். அதனால், இரண்டில் ஒன்றுதான் கிடைக்கும் என்றால் நான் யூவி 400-ஐத்தான் வாங்கச் சொல்வேன்.