கேமராவுக்கு ‘ஆம்’ தெரியாது

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

வணக்கம். சென்ற மாதம் ஒரு கருத்தரங்குக்குப் போயிருந்தேன். ஒரு மருத்துவர், ஒரு வழக்கறிஞர், ஒரு வரலாற்றுப் பேராசிரியர், வீடியோ கேம் வடிவமைக்கும் ஓர் இளைஞர் என நான்கு பேர் பேசினார்கள். நான்கு பேரும் கடைசியில் ஒரே இடத்தில் வந்து நின்றார்கள்: “எல்லாமே கதைதான்.” பலத்த கைதட்டல். எனக்கு மட்டும் ஏதோ நெருடியது. நோயும் கதை, வழக்கும் கதை, விளையாட்டும் கதை என்றால் நாவல் எதற்கு?

நான் முதுகலை இலக்கியம் படிக்கிறேன். ஆய்வுக்கு, கதை சொல்லப்படும் விதத்தை ஆராயும் எடுத்துரைப்பியலை எடுக்கலாம் என்றிருந்தேன். இப்போது தயக்கமாக இருக்கிறது. இது இலக்கியத்துக்கு வளம் சேர்க்கிறதா, இல்லை கரைத்துவிடுகிறதா? என் நண்பர் வேறு, “அது 31 கட்டம் போட்ட ஜாதகம். எந்தக் கதையைக் கொடுத்தாலும் கட்டத்தில் உட்கார வைத்துப் பலன் சொல்லிவிடுவார்கள்” என்று கிண்டல் செய்கிறார். நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்?

அன்புடன்,
க.

*

அன்புள்ள க.,

உங்கள் நண்பரிடம் இருந்தே தொடங்குகிறேன். அவர் சொல்வதில் பாதி நியாயம். அந்த 31, நாட்டுப்புறக் கதைகளை ஆராய்ந்த ரஷ்யர் விளாதிமிர் ப்ராப்பின் கணக்கு. ரஷ்ய மாயக் கதைகள் நூறை எடுத்துப் பிரித்துப் போட்டு 1928இல் அவர் எழுதிய புத்தகத்தில் வருவது. வீட்டில் ஒருவர் வெளியே கிளம்புகிறார், ஒரு தடை விதிக்கப்படுகிறது, தடை மீறப்படுகிறது என்று தொடங்கிக் கடைசியில் கல்யாணத்தில் முடியும் 31 செயல்கள். எல்லாக் கதையிலும் எல்லாம் வராது. ஆனால் வருபவை இந்த வரிசையில்தான் வரும் என்றார். மாயக் கதைகளைப் பற்றி மட்டும்தான் அவர் இதைச் சொன்னார். வேலியை அவரே போட்டிருந்தார். 1958இல் அந்தப் புத்தகம் ஆங்கிலத்துக்கு வந்த பிறகு, வேலியைப் பிடுங்கிப் போட்டுவிட்டு சினிமா, விளம்பரம் என்று கண்ணில் பட்டதையெல்லாம் கட்டத்தில் அடைத்தவர்கள் மற்றவர்கள். ஜாதகம் ஆனது அப்போதுதான்.

‘எல்லாமே கதை’ என்ற பேச்சுக்கும் ஒரு பிறந்த தேதி உண்டு. 1966இல் பிரெஞ்சு விமர்சகர் ரோலான் பார்த் ஒரு கட்டுரையைப் பெரிய பட்டியலோடு தொடங்கினார். தொன்மம், காவியம், வரலாறு, நாடகம், ஓவியம், தேவாலயத்து வண்ணக் கண்ணாடி, சினிமா, காமிக்ஸ், செய்தித் துணுக்கு, அன்றாடப் பேச்சு என எல்லாவற்றிலும் கதை இருக்கிறது என்றார். மூன்று வருடம் கழித்து த்ஸ்வெதான் தொதோரோவ் இந்தப் படிப்புக்குப் பெயரே வைத்துவிட்டார். அதைத்தான் நாம் எடுத்துரைப்பியல் என்கிறோம். (சிலர் கதையாடல் ஆய்வு என்கிறார்கள். சிற்றிதழ்களில் ‘பெருங்கதையாடல்’ புழங்கிய புழக்கத்தில் அந்தச் சொல்லைக் கேட்டாலே எனக்குச் சண்டை மூட் வந்துவிடும். அதனால் எடுத்துரைப்பு என்றே எழுதுகிறேன்.)

பார்த்தின் பட்டியலைப் பலரும் முடிவுரையாக வாசித்துவிட்டார்கள். அவருக்கு அது முதல் பத்தி. இத்தனை இடத்தில் இருக்கிறதே, அப்படியானால் அது என்ன என்று கேட்பதற்காகப் போட்டது. உங்கள் கருத்தரங்கில் நான்கு பேரும் முதல் பத்தியோடு மேடையை விட்டு இறங்கியிருக்கிறார்கள். உங்களுக்கு நெருடியதில் ஆச்சரியம் இல்லை.

சரி, முதல் பத்தியைத் தாண்டினால் என்ன இருக்கிறது? ஒரு பழைய பிரிவினை இருக்கிறது. நடந்தது ஒன்று, சொல்லப்படுவது இன்னொன்று. இலக்கியத்தின் வடிவத்தை ஆராய்ந்த ரஷ்ய உருவவாதிகள் 1920களிலேயே இரண்டுக்கும் தனித்தனிப் பெயர் வைத்துவிட்டார்கள். கேட்க மிகச் சாதாரணமாக இருக்கும். ஆனால் ஊடகம் விட்டு ஊடகம் போகும்போது இந்தப் பிரிவினை கையில் குத்த ஆரம்பிக்கும்.

ஒரு சின்னச் சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள். ‘ஒரு ஊர்ல ஒரு ராஜா இருந்தாராம்.’ இந்த ‘ஆம்’ என்ன வேலை செய்கிறது? நான் பார்க்கவில்லை, கேள்விப்பட்டேன், உனக்குச் சொல்கிறேன், பொய்யாக இருந்தால் என் தலையில் கட்டாதே. இத்தனையையும் ஒரே அசையில் சொல்லிவிடுகிறது. கதையையும் சொல்கிறவரையும் விரலளவு பிரித்து வைக்கிறது. ‘இருந்தார்’ என்றால் வரலாறு. ‘இருந்தாராம்’ என்றால் கதை.

இதைப் படம் பிடியுங்கள் பார்ப்போம். ராஜாவைக் காட்டலாம், ஊரைக் காட்டலாம். ‘ஆம்’ விழும் இடம் எது? கேமரா காட்டிய கணத்தில் ராஜா இருந்துவிட்டார். காட்டுவது என்றாலே சாட்சி சொல்வதுதான். 1950இல் ஹிட்ச்காக் ‘ஸ்டேஜ் ஃப்ரைட்’ படத்தில் ஒருவன் சொல்லும் பொய்யை முன்கதையாகக் காட்சிப்படுத்தினார். வாயால் சொன்ன பொய்யென்றால் பார்வையாளர்கள் மன்னித்திருப்பார்கள். கண்ணால் பார்த்தது பொய் என்றதும் ஏமாற்றிவிட்டதாகக் கோபப்பட்டார்கள். அதைச் செய்திருக்கக் கூடாது என்று பின்னால் அவரே பிரெஞ்சு இயக்குநர் த்ரூஃபோவிடம் ஒப்புக்கொண்டார். அதே வருடம் வந்த குரோசாவாவின் ‘ராஷோமோன்’ ஒரே கொலையை ஒன்றுக்கொன்று பொருந்தாமல் நான்கு விதமாகக் காட்டியது. அங்கே யாரும் ஏமாந்ததாக நினைக்கவில்லை. மழைக்கு ஒதுங்கிய மூன்று பேரை ஒரு பாழடைந்த வாயிலில் உட்கார வைத்து, நடந்ததை அவர்கள் பேசிக்கொள்வதாக ஆக்கிவிட்டார் குரோசாவா. அந்த வாயில்தான் அந்தப் படத்தின் ‘ஆம்’.

கதை ஓர் ஊடகத்தில் இருந்து இன்னொன்றுக்குப் போகும்போது எது சிக்கிக்கொள்கிறது, அதற்குப் பதிலாக அந்த ஊடகம் எதைக் கண்டுபிடிக்கிறது என்பதைப் பார்ப்பதுதான் இந்தப் படிப்பில் எனக்குப் பிடித்த இடம். எலும்புக்கூடு ஒன்றுதான் என்று நிரூபிப்பதில் எனக்குப் பெரிய ஆர்வம் இல்லை.

இதை நான் பாடமாகக் கற்கவில்லை, பட்டுத் தெரிந்துகொண்டேன். என் சிறுகதை ஒன்றைக் குறும்படமாக எடுக்க ஓர் இளைஞர் வந்தார். கதையின் முதல் வரி: ‘பதினோரு வருடம் அவர் தினமும் அதே பேருந்தில் போனார்.’ எனக்கு அந்த வரியில் கொஞ்சம் கர்வம் உண்டு. அவர் அதை இரண்டு முறை வாசித்துவிட்டு, “எந்த நாள் சார்?” என்று கேட்டார். புரியவில்லை. “தினமும்னு போட்டிருக்கீங்க. நான் ஏதாவது ஒரு நாளைத்தானே எடுக்க முடியும்? அன்னைக்கு வெயிலா மழையா? சட்டை என்ன கலர்? நிக்கறாரா, சீட் கிடைச்சுதா?” எனக்குப் பதில் இல்லை. என் வரியில் இருந்தது எந்த நாளும் இல்லாத ஒரு நாள். ஆயிரக்கணக்கான தடவை நடந்ததை ஒரே தடவையில் சொன்னது. பிரெஞ்சு எடுத்துரைப்பியலாளர் ஜெரார் ஜெனெத் 1972இல் இதற்கென்றே ஒரு பகுதி எழுதியிருக்கிறார். ஒரு தடவை நடந்ததை ஒரு தடவை சொல்வது, ஒரு தடவை நடந்ததைப் பல தடவை சொல்வது, பல தடவை நடந்ததை ஒரே தடவையில் சொல்வது என்று பிரித்துக்கொண்டே போவார். படித்தபோது உரக்கடைக்காரர் பட்டியல் மாதிரி சலிப்பாக இருந்தது. அந்த இளைஞர் சட்டைக் கலர் கேட்ட அன்றுதான் ஜெனெத் எதைத் தொட்டார் என்று உறைத்தது. மொழியில் ‘தினமும்’ என்ற சொல் இருக்கிறது. படத்தில் இல்லை.

இனி உங்கள் நான்கு பேச்சாளர்களுக்கு வருகிறேன். அவர்களில் வழக்கறிஞர் வசமாக ஒன்றைத் தவறவிட்டிருக்கிறார் என்று தோன்றுகிறது, ஏனென்றால் அவர் துறையில்தான் இதற்குத் துல்லியமான சோதனை ஒன்று உண்டு. நான்ஸி பென்னிங்டன், ரீட் ஹேஸ்டி என்ற இரு உளவியலாளர்கள் 1988இல் வெளியிட்டது. ஒரு கொலை வழக்கு. சாட்சியங்களில் ஒரு சொல்கூட மாறவில்லை. வரிசை மட்டும் மாறுகிறது. ஒரு தரப்பின் சாட்சியங்களைச் சம்பவம் நடந்த வரிசையில், கதைபோல அடுக்குகிறார்கள். மறு தரப்பினுடையதைச் சாட்சிகள் கூண்டேறும் வரிசையில், துண்டு துண்டாக விடுகிறார்கள். அரசுத் தரப்பு கதை வரிசையிலும் எதிர்த்தரப்பு துண்டாகவும் இருந்தபோது, நடுவர்களாக நடித்தவர்களில் 78 சதவீதம் பேர் கொலைக் குற்றவாளி என்றார்கள். திருப்பிப் போட்டதும் அது 31 சதவீதம் ஆனது. அதே கத்தி, அதே சாட்சி.

‘வழக்கும் கதைதான்’ என்று மேடையில் சொல்லும்போது ஏதோ மனிதநேயமாக ஒலிக்கிறது. இந்த எண்களைப் பார்த்தபின் எனக்குக் கொஞ்சம் பயமாகவே இருக்கிறது. கதை எங்கும் இருக்கிறது என்பது கொண்டாட வேண்டிய செய்தி என்று யார் சொன்னது? நாம் கதை கட்டாமல் இருக்க முடியாத பிறவிகள், அவ்வளவுதான். ஹைடர், ஸிம்மல் என்ற உளவியலாளர்கள் 1944இல் ஒரு சின்ன அசைவுப் படம் காட்டினார்கள். பெரிய முக்கோணம், சிறிய முக்கோணம், ஒரு வட்டம், திறந்து மூடும் ஒரு பெட்டி. அவை இங்கும் அங்கும் நகர்கின்றன. பார்த்ததை எழுதச் சொன்னால், 34 பேரில் ஒரே ஒருவர்தான் முக்கோணம் நகர்ந்தது, வட்டம் நகர்ந்தது என்று எழுதினார். மற்றவர்களுக்கு அது துரத்தல், சண்டை, தப்பித்தல். பெரிய முக்கோணம் பெரும்பாலானோருக்கு ரௌடி. பாவம், அது மூன்று கோடு.

மருத்துவர் சொன்னதில் எனக்கு ஓரளவு உடன்பாடு உண்டு. நோயாளி பேசத் தொடங்கிச் சராசரியாக 18 விநாடியில் டாக்டர் குறுக்கிட்டுவிடுகிறார் என்று 1984இல் ஓர் அமெரிக்க ஆய்வு சொன்னது. அந்த 18 விநாடியில் எந்தக் கதை முடியும்? முக்கியமானதைக் கடைசியில் சொல்பவர்கள்தான் பாதிப் பேர். “அப்புறம் டாக்டர், ஒண்ணுமில்ல, சும்மா கேக்கறேன்” என்று கதவுப் பிடியில் கை வைத்தபடி சொல்வதில்தான் விஷயமே இருக்கும். கொலம்பியா பல்கலைக்கழகத்தில் ரீட்டா சாரோன் தன் மருத்துவ மாணவர்களை இரண்டு குறிப்பேடு வைத்துக்கொள்ளச் செய்தார். ஒன்று வழக்கமான நோயாளிக் குறிப்பு. இன்னொன்றில், அந்தக் குறிப்பில் எழுத அனுமதியில்லாததை எழுத வேண்டும். இந்த நோயாளியைப் பார்த்தால் என் தாத்தா ஞாபகம் வருகிறது, அறைக்குள் போகவே கால் வரவில்லை, இப்படி. இரண்டும் ஒரே ஆளைப் பற்றியவைதான். ஆனால் சொல்கிறவர் வேறு, கேட்கிறவர் வேறு.

சொல்கிறவர், கேட்கிறவர் என்றதும் உங்களுக்குத் தொல்காப்பியப் பொருளதிகாரம் நினைவு வந்திருக்க வேண்டும். செய்யுளியல் பாட்டின் உறுப்புகளை எண்ணும்போது அசை, சீர், அடியோடு நிறுத்திக்கொள்ளவில்லை. கூற்று, கேட்போர், களன், காலம் ஆகியவற்றையும் உறுப்பு என்றது. யார் பேசுகிறார், யார் காதில் விழுகிறது, எந்த இடத்தில், எப்போது. அகப்பாடலில் தலைவி தோழியிடம் பேசுவது போலத் தலைவன் காதில் விழப் பேசுகிறாள் அல்லவா? அந்த அடுக்கைப் புரிந்துகொள்ளப் பாரிஸ் வரை போக வேண்டியதில்லை. அதற்காக எல்லாம் நம்மிடமே இருந்தது என்று நான் சொல்வதாக எடுத்துக்கொள்ள வேண்டாம். ஜெனெத் கேட்ட பல கேள்விகளைத் தொல்காப்பியம் கேட்கவில்லை, அதற்குத் தேவையும் இல்லை.

வீடியோ கேம்காரரைப் பற்றி நிறையச் சொல்ல ஆசை, சுருக்கமாகச் சொல்கிறேன். 1990களின் கடைசியில் தொடங்கி அந்தத் துறையிலேயே இதற்காகப் பெரிய சண்டை நடந்தது. டெட்ரிஸ் தெரியுமல்லவா, மேலிருந்து விழும் கட்டங்களை அடுக்கிக்கொண்டே இருப்பது. ஓயாத வேலைச்சுமையில் சிக்கிய அமெரிக்க வாழ்க்கையின் நிகழ்த்துதல் அது என்று ஆய்வாளர் ஜேனட் மரே எழுதினார். இன்னொரு ஆய்வாளர் மார்க்கு எஸ்கெலினென் வெகுண்டுவிட்டார். நான் உங்களை நோக்கிப் பந்தை வீசினால், அதைக் கீழே விட்டுவிட்டு அது கதை சொல்லட்டும் என்று காத்திருப்பீர்களா என்ற பொருளில் எழுதினார். நான் எஸ்கெலினென் கட்சி. டெட்ரிஸில் நான் தோற்கும்போது யாருடைய கதையும் முடிவதில்லை, நான் தோற்கிறேன், அவ்வளவுதான். ஆனால் ஆட்டம் முடிந்து நண்பனிடம் “நீளக் குச்சி வரவே இல்லடா, கடைசி நொடியில வந்தது” என்று சொல்கிறேன் பாருங்கள், அங்கே கதை பிறந்துவிடுகிறது. விளையாடியது கதை இல்லை. விளையாடியதைச் சொன்னது கதை.

வரலாற்றுப் பேராசிரியரை விட்டுவிடுகிறேன். வரலாற்றெழுத்தும் கதைபோலக் கட்டப்படுவதுதான் என்று ஹேடன் வைட் 1973இல் கொளுத்திப் போட்டது இன்னும் எரிகிறது, அதற்குத் தனிக் கடிதம் வேண்டும்.

நாவல் எதற்கு என்று கேட்டீர்கள். நோயாளியும் வழக்கறிஞரும் கதையைப் பயன்படுத்துகிறார்கள். அவர்களுக்கு அது நம்பப்பட்டாக வேண்டும். நாவலுக்கு அந்த அவசரம் இல்லை. நம்ப வைத்துக்கொண்டே, எப்படி நம்ப வைக்கிறேன் பார் என்று பக்கவாட்டில் காட்டவும் அதனால் முடியும். பெரிய முக்கோணத்தை ரௌடி ஆக்கிவிட்டு, நூறு பக்கம் கழித்து நம்மைக் கூச வைக்கும். வேறு எந்தத் துறையும் அந்த வேலைக்குச் சம்பளம் தராது.

ஆய்வுக்கு எடுப்பதாக இருந்தால் தாராளமாக எடுங்கள். பத்து ஊடகங்களை வரிசையாக வைத்து ஒப்பிடும் தலைப்பு மட்டும் வேண்டாம். ஒரே ஒரு கதை, அது இடம் மாறிய ஒரே ஒரு தடவை போதும். சிக்கிய இடங்களைக் குறித்துக்கொண்டே வாருங்கள். நெறியாளர் கோட்பாட்டு அத்தியாயம் கேட்பார், அதைக் கடைசியில் எழுதிக்கொள்ளலாம்.

குறும்படம் என்னவாயிற்று என்று சொல்லவில்லையே. அந்த இளைஞர் இரண்டு வாரம் கழித்து எடுத்ததைக் கொண்டுவந்து காட்டினார். பேருந்து நிற்கிறது. அவர் ஏறுகிறார். ‘எங்கே?’ என்று கண்டக்டர் கேட்கவில்லை. ஏறிட்டுப் பார்க்கவும் இல்லை. டிக்கெட்டைக் கிழித்து நீட்டுகிறார். இவரும் எண்ணிப் பார்க்காமல் சரியான சில்லறையை அவர் கையில் வைக்கிறார். நான்கு விநாடி இருக்கும்.

என் கதையில் கண்டக்டரே கிடையாது.

அன்புடன்,
ஆசிரியர்