தபால்பெட்டிக்குப் பின்னால் – கடிதம்

அன்புள்ள சார்,

ஒரு வருடமாக உளவுத்துறைகள், ரகசிய நடவடிக்கைகள், சித்திரவதைகள் பற்றிய புத்தகங்களாகவே வாசித்துக்கொண்டிருக்கிறேன். அமெரிக்க உளவுத்துறை சி.ஐ.ஏ.வின் மனக்கட்டுப்பாட்டுப் பரிசோதனைத் திட்டமான எம்.கே. அல்ட்ராவில் தொடங்கியது. இப்போது எதைப் படித்தாலும் ‘எல்லாம் அவர்களுக்குத் தெரியும், நம்மால் ஒன்றும் ஆகாது’ என்றுதான் தோன்றுகிறது. போனைப் பக்கத்து அறையில் வைத்துவிட்டுத்தான் நண்பர்களிடம் பேசுகிறேன். எங்கள் ஊர் ஏரி ஆக்கிரமிப்பு பற்றி எழுதிவைத்திருந்த கட்டுரையையும் அழித்துவிட்டேன். இத்தகைய நூல்களை வாசிப்பதால் பயன் உண்டா? முக்கியமான பத்து நூல்களைச் சொல்ல முடியுமா? ஆங்கிலத்தில் வாசிப்பதா, மொழிபெயர்ப்பிலா?

எஸ்., திருச்சி

அன்புள்ள எஸ்.,

பட்டியலெல்லாம் அப்புறம். கட்டுரையை அழித்துவிட்டேன் என்று எழுதியிருக்கிறீர்களே, அந்த வரியைத் தாண்டிப் போக முடியவில்லை. உங்களை யாரும் விசாரிக்கவில்லை. யாரும் மிரட்டவில்லை. எங்கோ ஒரு நாட்டின் உளவுத்துறையைப் பற்றி நாலு புத்தகம் படித்துவிட்டு, சொந்த ஊர் ஏரியைப் பற்றி எழுதியதை நீங்களே அழித்திருக்கிறீர்கள். முதலில் கோபம்தான் வந்தது. வருத்தம் பிறகு வந்தது.

பெட்டி மெட்ஸ்கரின் ‘தி பர்க்ளரி’யை இப்போது மறுபடி வாசித்துக்கொண்டிருக்கிறேன். 1971 மார்ச் 8 இரவு, அமெரிக்காவே முகமது அலி – ஜோ ஃபிரேசியர் குத்துச்சண்டையில் மூழ்கியிருந்த நேரம். பென்சில்வேனியாவில் மீடியா என்ற சிற்றூரில், அமெரிக்க உள்நாட்டுப் புலனாய்வுத் துறையான எஃப்.பி.ஐ.யின் கிளை அலுவலகத்துக்குள் சிலர் புகுந்து, கோப்புகளை சூட்கேஸ்களில் அள்ளிக்கொண்டு போனார்கள். தலைமை தாங்கிய வில்லியம் டேவிடன் ஒரு இயற்பியல் பேராசிரியர். கூட வந்தவர்களில் பானி ரெயின்ஸ் என்ற பெண்மணி, சின்னக் குழந்தைகளின் தாய். அவர் முன்னதாகவே அந்த அலுவலகத்துக்குக் கல்லூரி மாணவி என்று சொல்லிக்கொண்டு போய், ‘எஃப்.பி.ஐ.யில் பெண்களுக்கு என்ன வேலைவாய்ப்பு?’ என்று பேட்டி எடுத்திருந்தார். கைரேகை பதியக் கூடாதே என்று கையுறையைக் கழற்றாமலே குறிப்பெழுதினார். அலாரம் இல்லை என்பதைப் பார்த்துவைத்துக்கொண்டார். எதிரே உட்கார்ந்திருந்த அதிகாரிக்கு ஒரு சந்தேகமும் வரவில்லை.

சுமார் 200 ஏஜென்ட்கள் தேடினார்கள். 1976-ல் கேஸை மூடினார்கள். ஒருவர்கூடப் பிடிபடவில்லை. 2014-ல் மெட்ஸ்கரின் நூல் வந்தபோது, கோப்புகளை அள்ளியவர்களில் சிலர் தாங்களாகவே முன்வந்து பெயரைச் சொன்னார்கள். ‘எல்லாம் தெரிந்தவர்கள்’ என்று நீங்கள் நடுங்குவது இந்த எஃப்.பி.ஐ. போன்றவர்களைப் பார்த்துத்தான்.

அள்ளிவந்த கோப்புகளில் ஒரு தாள் இருந்தது. எதிர்ப்பாளர்களை அடிக்கடி நேரில் போய் விசாரியுங்கள், அவர்களுக்குள் இருக்கும் பீதி அதனால் இன்னும் கூடும், ஒவ்வொரு தபால்பெட்டிக்குப் பின்னாலும் ஒரு எஃப்.பி.ஐ. ஆள் நிற்கிறான் என்பது மனதில் பதியும் என்று அதில் எழுதியிருந்தது. எல்லாத் தபால்பெட்டிக்குப் பின்னாலும் நிறுத்த எந்த அரசிடமும் ஆள் கிடையாது. ஆள் இல்லாத இடத்தில் அச்சத்தை நிறுத்திவைக்கிறார்கள். இன்றைக்கு அந்த வேலையை அவர்களுக்காகப் பாதிப் புத்தகங்கள் செய்துகொடுக்கின்றன. உளவுத்துறையைச் சர்வ வல்லமை பொருந்திய பூதமாகக் காட்டுகிற, கடைசிப் பக்கங்களில் ஆதாரக் குறிப்பு ஒன்றுகூட இல்லாத புத்தகங்களைச் சொல்கிறேன். நீங்கள் ஒரு வருடம் படித்தவற்றில் எத்தனை நூல்கள் ‘இந்தத் தேதி, இந்தக் கோப்பு, இவர் கையெழுத்து’ என்று காட்டின? எண்ணிப் பாருங்கள். அப்படிக் காட்டாத நூல் அரசை அம்பலப்படுத்துவதில்லை, உங்களைத்தான் முடக்குகிறது.

நான் இளைஞனாக இருந்தபோது எங்கள் ஊரில் ஒரு தமிழாசிரியர் வீட்டுத் திண்ணையில் ஞாயிறு மாலைகளில் கூடுவோம். புத்தகம் படிப்போம், சத்தமாகச் சண்டை போடுவோம், அவ்வளவுதான். ஒருநாள் தெருமுனை டீக்கடைக்கு மப்டியில் ஒருவர் வந்து, “வாத்தியார் வீட்டுக்கு யார் யார் வருவாங்க?” என்று கேட்டுவிட்டு, டீ குடித்துவிட்டுப் போனார். பிறகு அவர் வரவே இல்லை. அடுத்த ஞாயிறு பாதிப் பேர் வரவில்லை. கொஞ்ச நாளில் திண்ணையே காலி. நம்மில் யாரோ ஆள்காட்டி என்ற பேச்சு கிளம்பி, கூட்டத்திலேயே அதிகம் பேசாத ஒருவர் மேல் போய் விழுந்தது. ஆசிரியர் கடைசிவரை அவரிடம் முகம் கொடுக்கவில்லை. ஆசிரியரின் சாவுக்கு வந்த அந்த மனிதர் மாலையை வாசலிலேயே யாரிடமோ கொடுத்துவிட்டுத் திரும்பிப் போனார். அவர் மேல் ஒரு துளி ஆதாரமும் இல்லை.

பல வருடம் கழித்து வில்லியம் ஆல்பர்ட்சன் கதையைப் படித்தபோது புத்தகத்தை மூடி வைக்க வேண்டியதாயிற்று. அமெரிக்கக் கம்யூனிஸ்ட் கட்சியில் நெடுங்காலம் உழைத்தவர். 1964-ல் எஃப்.பி.ஐ., அவருடைய கையெழுத்தைப் போலவே ஒரு துப்புக் கடிதம் தயாரித்து, கட்சிக்காரர் ஒருவரின் காரில் போட்டது. தோழர்களே அவரை ஆள்காட்டி என்று வெளியேற்றினார்கள். 1972-ல் இறந்தார். உண்மை வெளிவந்தது அதற்கும் பிறகுதான். துப்பாக்கி வேண்டியிருக்கவில்லை, ஒரு துண்டுக் காகிதம் போதும்.

ஆபத்து பொய் என்று சொல்லவில்லை. 1969 டிசம்பர் 4 விடிகாலையில் சிகாகோவில், கறுப்பின உரிமைக்காகப் போராடிய பிளாக் பாந்தர் கட்சியின் தலைவர்களில் ஒருவரான ஃபிரெட் ஹாம்ப்டனைப் போலீஸார் படுக்கையிலேயே சுட்டார்கள். 21 வயது. வீட்டின் வரைபடத்தைக் கொடுத்தவன் கூடவே இருந்த எஃப்.பி.ஐ. ஒற்றன். இது தெரிந்தும்தான் சொல்கிறேன், கட்டுரையைத் திரும்ப எழுதுங்கள். இந்த முறை ஆதாரத்தோடு எழுதுங்கள். ஏரியின் பரப்பு வருவாய்த்துறையின் ‘அ’ பதிவேட்டில் இருக்கும். சர்வே எண்ணைப் போட்டுத் தகவல் உரிமைச் சட்டத்தில் மனு கொடுங்கள், 30 நாளில் பதில் தந்தாக வேண்டும். தனியாகப் போகாதீர்கள், நாலு பேர் சேர்ந்து கையெழுத்திடுங்கள்.

எம்.கே. அல்ட்ரா பற்றி ஒன்றே ஒன்று. 1973-ல் சி.ஐ.ஏ. இயக்குநர் ரிச்சர்ட் ஹெல்ம்ஸ் அந்தக் கோப்புகளை அழிக்கச் சொன்னார். செலவுக் கணக்குத் தாள்கள் வேறிடத்தில் கிடந்ததால் தப்பின, 1977-ல் சிக்கின. மனித மனதையே கட்டுப்படுத்தப் போகிறோம் என்று கிளம்பியவர்களுக்குத் தங்கள் பில்களை ஒழுங்காக ஒழிக்கத் தெரியவில்லை.

ஆங்கிலமா மொழிபெயர்ப்பா என்பதெல்லாம் ஒரு கேள்வியா? கிடைப்பதில் படியுங்கள். பத்து நூல் வேண்டாம், மூன்று போதும். மெட்ஸ்கரை முதலில் படியுங்கள். அடுத்து, உளவுத்துறைகளின் அத்துமீறல்களை விசாரித்த அமெரிக்க செனட் குழுவான சர்ச் கமிட்டியின் 1976 அறிக்கையில் மூன்றாம் தொகுதி. இணையத்தில் இலவசம். மார்ட்டின் லூதர் கிங்கை எப்படி வேட்டையாடினார்கள் என்பதற்கு அதில் தனிப் பகுதியே உண்டு. மூன்றாவது நம்முடையது, அவசரநிலை அத்துமீறல்கள் பற்றிய ஷா கமிஷன் அறிக்கை. 1980-க்குப் பிறகு அது எங்கும் கிடைக்காமல் போயிற்று. நம் முன்னாள் எம்.பி. இரா. செழியன் தன்னிடமிருந்த பிரதியை வைத்து 2010-ல் மறுபடி அச்சேற்றினார். அப்போது அவருக்கு வயது எண்பதுக்கு மேல். அதைத் தேடிப் பிடியுங்கள். கிடைக்காவிட்டால் எழுதுங்கள், என் பிரதியைத் தருகிறேன்.