கந்தோர் என்ற சொல்லுக்கு என்ன பொருள்? எங்கிருந்து வந்தது?

கந்தோர் என்றால் அலுவலகம். திருகோணமலையில் வயதானவர்கள் இன்றைக்கும் "தபால் கந்தோரடியில இறக்கி விடுங்கோ" என்றுதான் பஸ்ஸில் கேட்பார்கள். ஆனால் 'அலுவலகம்' என்று மட்டும் சொல்லிவிட்டால் பாதிப் பொருள் போய்விடும். "மாப்பிள்ளைக்குக் கந்தோர் உத்தியோகம்" என்றால் மேசை, கோவைகள், மாதம் தவறாத சம்பளம், பெரும்பாலும் அரசாங்க வேலை. கடையில் கணக்கு எழுதுகிறவரை அப்படிச் சொல்லமாட்டார்கள். கச்சேரி வேறு. அது மாவட்ட நிர்வாகம் நடக்கும் இடம். வட இந்திய மொழி வழியாக வந்த சொல்.

கந்தோர் ஒல்லாந்தர், அதாவது டச்சுக்காரர், விட்டுப்போன சொல். டச்சு மொழியில் அலுவலகத்துக்குக் கிட்டத்தட்ட 'கான்தோர்' என்பார்கள். அந்த டச்சுச் சொல்லின் வேர் பிரெஞ்சில் இருக்கிறது: 'கொந்த்துவார்', அதாவது பணம் எண்ணும் மேசை. இங்கே ஒரு சந்தேகம் வரலாம். 1782இல் பிரெஞ்சுக்காரரும் திருகோணமலையைப் பிடித்தார்களே, நேராக அவர்களிடமிருந்தே வந்திருக்காதா? வராது என்பதே என் முடிவு. அப்படி வந்திருந்தால் அந்த 'துவார்' நம் வாயில் எங்கேயாவது தங்கியிருக்கும். நம்மிடம் இருப்பது டச்சின் நீண்ட 'ஓ'. அதோடு பிரெஞ்சுக்காரர் இங்கே இருந்தது கொஞ்சக் காலம்தான்.

திருகோணமலையில் கோணேசர் கோவிலுக்குக் கோட்டை வாசலால் போகிறவர்களுக்கு இது நம்மூரில் பிறந்த சொல் என்று தோன்றலாம். ஒல்லாந்தர் 1639இல் அந்தக் கோட்டையைப் போர்த்துக்கீசரிடமிருந்து பிடித்தது உண்மை. ஆனால் கொழும்பு 1656இலும் யாழ்ப்பாணம் 1658இலும் அவர்கள் கைக்குப் போய்விட்டன. அதனால் யாழ்ப்பாணத்திலும் இது கந்தோர்தான், சிங்களத்தில் 'கந்தோருவ'. இந்தோனேசியாவிலும் அலுவலகம் 'கந்தோர்' என்பது எனக்கு மிகவும் பிடித்த விஷயம். அங்கேயும் ஆண்டது இலங்கைக்கு வந்த அதே ஒல்லாந்து வணிகக் கும்பனிதான்.

இப்போது பெயர்ப்பலகைகளில் அலுவலகம், பேச்சில் ஒபிஸ். கந்தோர் மறைவது எனக்குக் கவலைதான். எந்த ஆட்சி என்ன விட்டுப்போனது என்பதை இப்படியான சொற்கள்தான் காட்டுகின்றன. ஒரு பழைய கந்தோருக்குள்ளேயே பாருங்கள்: கதிரையும் அலுமாரியும் போர்த்துக்கீசச் சொற்கள், மேசையின் இழுப்பறையான லாச்சி டச்சு, காணி எழுதும் நொத்தாரிசும் டச்சு, ஆனால் காணிப் பதிவேடான தோம்பு மறுபடி போர்த்துக்கீசம்.