சைக்கோ படம்: கேளுங்க, சொல்றேன்

கேள்வி: கையில காசே இல்லாம எடுக்குற சைக்கோ படம் சிலது, பெரிய பட்ஜெட் பேய்ப் படத்தவிட ஏன் சார் அதிகமா பயமுறுத்துது?

பதில்: முக்காவாசி கொட்டாவிதாங்க வர வைக்குது. ஆனா அமைஞ்சுட்டா தூங்க விடாது. ஜான் மெக்நாட்டன் 1986ல முடிச்ச 'ஹென்றி: போர்ட்ரெய்ட் ஆஃப் எ சீரியல் கில்லர்' பாருங்க, சுமார் 1,10,000 டாலர்ல, 16 எம்எம் ஃபிலிம்ல, சிகாகோவுல எடுத்தது. ஒரு குடும்பத்தையே கொல்ற சீன் அதுல நேரா வராது, கொன்னவனுங்களே வீடியோ கேமராவுல புடிச்சு வச்சுருக்கத டிவில போட்டு சோபாவுல சாய்ஞ்சு பாத்துட்டு இருப்பானுங்க, நாமளும் அவனுங்க பாக்குற அதே டிவியத்தான் பாத்துட்டு இருக்கோம்னு கொஞ்சம் லேட்டா உறைக்கும், அதுக்குள்ள ஒருத்தன் திரும்பப் போடுன்னு கேப்பான். இதுக்கு என்ன செலவு சொல்லுங்க? அமெரிக்க ரேட்டிங் குழு பெரியவங்க மட்டும்தான் பாக்கலாம்னு 'எக்ஸ்' முத்திரை குடுத்துருச்சு, தியேட்டருக்கு ஒழுங்கா வர 1990 ஆயிடுச்சு.

கேள்வி: எக்ஸ்பெரிமென்ட்டல் படம், அதாவது சோதனை முயற்சின்னா கதையே இல்லாம குழப்புறதா?

பதில்: சில டைரக்டருக்கு அப்படித்தான் நெனப்பு! 1983ல ஆஸ்திரியாவுல ஜெரால்ட் கார்கல் எடுத்த 'ஆங்ஸ்ட்'ல கதை ரெண்டே வரி, ஜெயில்லேருந்து வெளிய வந்தவன் ஒரு வீட்டுக்குள்ள பூந்துடுறான். சோதனையெல்லாம் கேமராவுலதான். நடிகர் உடம்போட கேமராவ மாட்டி விட்டதால அவன் மூஞ்சி ஃப்ரேம்ல அப்படியே நிக்கும், சுத்தி இருக்குற உலகம்தான் ஆடும். பின்னாடி அவன் குரல் மட்டும் பிளான் பக்காவா இருக்குன்னு நிதானமா சொல்லிட்டே இருக்கும், ஸ்கிரீன்ல பாத்தா ஆளு தடுமாறி, வேர்த்து, எல்லாத்தையும் சொதப்பிட்டு இருப்பான். புத்திசாலி கொலைகாரன்னு சினிமா கட்டி வச்ச பில்டப் மொத்தமும் அங்க காலி. சொந்தக் காசப் போட்டு எடுத்த கார்கல் அப்புறம் முழுநீளக் கதைப் படமே எடுக்கல, அதான் வருத்தம்.

கேள்வி: ஃப்ரெண்ட்ஸோட சேந்து இதே மாதிரி ஒரு குறும்படம் பண்ணப் போறேன். அவன் ஏன் அப்படி ஆனான்னு ஃப்ளாஷ்பேக் வைக்கணுமா?

பதில்: வேணாங்க. சின்ன வயசுல அப்பா அடிச்சாருன்னு ரெண்டு நிமிஷம் காட்டுனீங்கன்னா பாக்குறவன் ஓ இதானான்னு நிம்மதியாயிடுவான், நீங்க அவ்ளோ நேரம் ஏத்துன பயம் அங்கயே எறங்கிடும். மனநோய்னு ஒரு டாக்டர் வந்து விளக்குறதும் வேணாம், மனநோய் இருக்குறவங்கள்ல பெரும்பாலானவங்க யாரையும் ஒண்ணும் பண்றதில்ல, பாவம் அவங்க மேல எதுக்குப் பழி. ரத்தத்துக்கு ஒதுக்குன காசுல நல்ல மைக் ஒண்ணு வாடகைக்கு எடுங்க. படம் கொஞ்சம் மங்கலா இருந்தா அதையும் ஸ்டைல்னு ஏத்துப்பாங்க, வசனம் கேக்கலன்னா எழுந்து போயிடுவாங்க.