மென்பொருளோடு வரும் டிஎல்எல் கோப்புகள் எதற்கு?

ஒரு மென்பொருளை நிறுவினால், டிஎல்எல் என்று முடியும் கோப்புகளும் ஏன் கூடவே வருகின்றன என்பதுதான் கேள்வி.

அவை நிரலகக் கோப்புகள். மென்பொருள்கள் தேவைப்படும்போது கூப்பிட்டுப் பயன்படுத்தும் ஆயத்த நிரல்கள். அவற்றில் சில, ஒரு வடிவத்திலுள்ள தரவை இன்னொரு வடிவத்துக்கு மாற்றுபவை.

ஏன் மாற்ற வேண்டும்? கணினியிடம் இருப்பது எண்கள் மட்டும்தான். மட்டக்களப்பில் பாமினி என்ற தமிழ் எழுத்துருவில் தட்டச்சு செய்த பழைய கடிதம் ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். அதில் 'அ' என்பது உண்மையில் 109, அதாவது ஆங்கில எழுத்தான எம். எழுத்துருதான் அதற்கு அகர உருவம் தருகிறது. எல்லா மொழி எழுத்துகளுக்கும் தனித்தனி எண் தரும் பொது முறையான யூனிகோடில் அதே 'அ' 2949. பாமினி இல்லாத கைபேசியில் கடிதம் ஆங்கிலக் கிறுக்கலாகத் தெரிவது இதனால்தான். எண்ணை மாற்றினால் மட்டும் போதாது. 'கெ' எழுதினால் பாமினியில் கொம்பு முதலில் வரும். யூனிகோடில் ககரத்துக்குப் பிறகே சேமிக்கப்படும். இத்தனை நுணுக்கத்தையும் ஒவ்வொருவரும் புதிதாக எழுதினால் பிழைதான் மிஞ்சும். ஒருமுறை சரியாக எழுதி டிஎல்எல் கோப்பாக வைத்து, எல்லோரும் பயன்படுத்துவதே நல்லது.

அம்பாறையில் நெல் விளைகிற ஒவ்வொரு வீட்டிலும் மில் இல்லையே, ஊர் மில்லுக்குத்தானே மூட்டை போகிறது! அப்படித்தான் இதுவும்.

'டிஎல்எல் கோப்பைக் காணவில்லை' என்று வந்தால், அந்த ஒன்றை மட்டும் எங்காவது தேடி இறக்கினால் சரி என்று பலர் நினைக்கிறார்கள்; பதிப்பு பொருந்தாமல் போகலாம், வைரஸும் வரலாம், ஆகவே மென்பொருளையே மறுபடி நிறுவுங்கள்.