குழு வேலையும் கரும்பலகையும்: ஓர் ஆசிரியையின் கடிதமும் பதிலும்

மதிப்பிற்குரிய ஐயா,

ஆசிரியர் பேசுவதைக் குறைத்துப் பிள்ளைகளே செயற்பட்டுக் கற்கும் மாணவர் மையக் கற்றலை ஆதரித்துத் தாங்கள் எழுதியிருந்த கட்டுரையை வாசித்தேன். இலங்கை மலையகத்தில் பூண்டுலோயாவை அண்டிய ஒரு தேயிலைத் தோட்டப் பாடசாலையில் தரம் 5இன் வகுப்பாசிரியையாக இருக்கிறேன். ஆசிரியர் பற்றாக்குறையால் தரம் 7க்குக் கணிதமும் எடுக்கிறேன். ஆசிரிய ஆலோசகர் வரும்போதெல்லாம் பிள்ளைகளைக் குழுவாக இருத்துங்கள், நீங்கள் பேசுவதைக் குறையுங்கள் என்கிறார். குழுவாக இருத்தினால் கெட்டிக்காரப் பிள்ளைகள் இருவர் வேலையைச் செய்கிறார்கள், மற்றவர்கள் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். மணி அடிக்கும் நேரத்தில் விடையை நானே கரும்பலகையில் எழுதிப் போடுகிறேன். பெற்றோரோ தரம் 5 புலமைப்பரிசில் பரீட்சையின் புள்ளியைத்தான் கேட்கிறார்கள். என் ஆசிரியர் வாய்பாட்டை ஒப்புவிக்கச் சொல்லி, பிழைத்தால் பிரம்பால் அடித்துத்தான் படிப்பித்தார். அப்படிப் படித்துத்தான் நான் தோட்டத் தொழிலாளர் வரிசை வீடான லயத்திலிருந்து ஆசிரியர் கலாசாலை வரை வந்தேன். புத்தகமில்லாத வீட்டிலிருந்து வரும் எங்கள் பிள்ளைகளுக்குப் பழைய முறையே பொருந்தும் என்று நினைப்பது தவறா?

இப்படிக்கு,
ஓர் ஆசிரியை

அன்புள்ள ஆசிரியைக்கு,

குழுவில் இருவர் செய்ய மற்றவர்கள் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள் என்பது சரியான அவதானிப்பு. அதை உங்கள் குறையாக நான் காணவில்லை. முன்பின் அறியாத ஒன்றைப் பிள்ளைகள் தாங்களாகவே கண்டுபிடிக்கட்டும் என்று விட்டால், ஏற்கெனவே ஓரளவு தெரிந்த பிள்ளைதான் அசையும். மற்றவர்களுக்குப் பற்றிக்கொள்ள எதுவும் இராது. ஆகவே உங்கள் கேள்விக்கு முதலிலேயே விடை சொல்லிவிடுகிறேன். புதிய ஒன்றைத் தெளிவாகச் சொல்லிக்கொடுப்பது ஆசிரியரின் கடமை. அந்தக் கடமையிலிருந்து எந்தப் புதிய முறையும் அவரை விடுவிக்கவில்லை. ஆனால் பழைய முறை என்று நீங்கள் குறிப்பிடுவதற்குள் விளக்கிச் சொல்லுதல், மனனம், குறிப்பெழுத வைத்தல், பிரம்பு என்ற நான்கும் ஒன்றாகக் கிடக்கின்றன. அவற்றை வேறு வேறாக எடுத்துப் பார்க்காமல் ஏற்கவும் முடியாது, தள்ளவும் முடியாது.

முதலில் விளக்கத்தைப் பார்ப்போம். பகுதியெண் மூன்றாக உள்ள பின்னத்தையும் நான்காக உள்ள பின்னத்தையும் எப்படிக் கூட்டுவது என்பதை நான்கு பிள்ளைகள் வட்டமாக இருந்து பேசிக் கண்டுபிடிப்பார்கள் என எதிர்பார்ப்பது நியாயமில்லை. பொதுப் பகுதியெண் என்ற எண்ணத்துக்கு வந்துசேர மனித குலத்துக்கே நெடுங்காலம் தேவைப்பட்டது. 2006இல் கிர்ஷ்னர், ஸ்வெல்லர், கிளார்க் ஆகிய மூவரும் எழுதிய ஆய்வுக் கட்டுரை இதைத்தான் வலியுறுத்தியது: ஒரே நேரத்தில் மனத்தில் வைத்துக் கையாளக்கூடியவை மிகச் சில என்பதால், ஒரு துறைக்குப் புதியவர் வழிகாட்டலின்றித் தேடும்போது தேடலிலேயே களைத்துப்போகிறார், செய்து காட்டப்பட்ட கணக்குகளைப் படிப்படியாகப் பின்தொடர்பவர் கூடுதலாகக் கற்கிறார். அதே ஆய்வு மரபு இன்னொன்றையும் சொல்கிறது: கற்பவர் தேறத் தேற அந்த வழிகாட்டல் பயன் குறைந்து, ஒரு கட்டத்தில் தடையாகவே ஆகிவிடுகிறது. ஆகவே இரண்டு கணக்குகளை நீங்கள் முழுமையாகச் செய்து காட்டுங்கள். மூன்றாவதைப் பாதியில் விட்டு அவர்களை முடிக்கச் சொல்லுங்கள். நான்காவதை அவர்களிடமே கொடுத்துவிடுங்கள். எங்கே கையை எடுப்பது என்று அறிவதே இதில் கடினமான பகுதி.

உங்கள் பிள்ளைகள் விடயத்தில் இதற்கு ஒரு கூடுதல் காரணமும் உண்டு. நகரத்துப் பாடசாலையில் குழு வேலை குழப்பத்தில் முடிந்தால், அந்தப் பிள்ளைக்கு மாலையில் தாயோ பிரத்தியேக வகுப்போ விளக்கிவிடும். அதிகாலையில் பெரட்டுக்கு, அதாவது வேலை பிரிக்கும் இடத்துக்கு, போய்ப் பின்னேரம் கொழுந்து நிறுத்துவிட்டு வரும் தாயின் பிள்ளைக்கு அந்த இரண்டாவது வாய்ப்பு இல்லை. வகுப்பறையில் கிடைக்காதது அவளுக்கு எங்குமே கிடைப்பதில்லை. எனவே தெளிவான விளக்கம் என்பது தோட்டத்துப் பிள்ளையின் உரிமை என்றே நான் கருதுகிறேன். மாணவர் மையம் என்ற பெயரால் அது பறிக்கப்படுமானால் அதை எதிர்க்கத்தான் வேண்டும். டிமைத் தாளும் மார்க்கரும் வாங்கிவரச் சொல்லி, தோட்டத்துக் கடையில் பெற்றோரைக் கடன்பட வைத்து, இறுதியில் பாடநூலில் உள்ளதையே பெரிய எழுத்தில் பிரதி செய்து சுவரில் ஒட்டும் செயற்பாடுகளைப் பார்க்கும்போது எனக்குக் கோபம்தான் வருகிறது.

ஆனால் நம் வகுப்பறைகளில் பழைய முறையென்று நடப்பதில் விளக்கம் எவ்வளவு இருக்கிறது? பெரும்பாலும் நடப்பது குறிப்புக் கொடுத்தல். ஆசிரியர் கரும்பலகைப் பக்கம் திரும்பி எழுதுகிறார் அல்லது கொப்பியைப் பார்த்து வாசிக்கிறார். நாற்பது நிமிடமும் பிள்ளைகள் எழுதுகிறார்கள். யாருக்கு விளங்கியது, யாருக்கு விளங்கவில்லை என்பது தவணைப் பரீட்சை வரை எவருக்கும் தெரியாது. இதில் ஆசிரியரும் மையத்தில் இல்லை, மாணவரும் மையத்தில் இல்லை.

இந்த வழக்கம் நம் முன்னோர் ஆராய்ந்து தேர்ந்த கல்வி மரபு என்று எண்ணிவிடக் கூடாது. 1920ஆம் ஆண்டின் கல்விக் கட்டளைச் சட்டம் தோட்டத்துப் பிள்ளைகளுக்குப் பாடசாலை நடத்தும் கடமையை நிர்வாகங்களின்மீது வைத்தபோது, பல தோட்டங்களில் எழுந்தது ஒற்றை அறை, ஒற்றை ஆசிரியர், ஐந்து வகுப்புகள் என்ற ஏற்பாடுதான். 1945இல் இலவசக் கல்வி நாட்டில் நடைமுறைக்கு வந்தபோதும், தோட்டப் பாடசாலைகளில் பெரும்பாலானவை அரசின் கைக்கு வர 1970களின் பிற்பகுதி வரை காத்திருக்க வேண்டியிருந்தது. ஐந்து வகுப்பை ஒருவர் கட்டி மேய்க்க வேண்டுமானால் ஒரு வகுப்பைக் கோரஸாக ஒப்புவிக்கவும் மற்றொன்றைப் பார்த்தெழுதவும் வைப்பதைத் தவிர வழியில்லை. பற்றாக்குறையில் பிறந்த ஏற்பாடு அது. பற்றாக்குறை ஓரளவு குறைந்த பிறகும் ஏற்பாடு மட்டும் நிலைத்துவிட்டது.

உண்மையில் நம் திண்ணைப் பள்ளிகளில் சட்டாம்பிள்ளை என்ற மூத்த மாணவன் இளையவர்களுக்குச் சொல்லிக்கொடுத்தான். பிள்ளைகள் மணலில் விரலால் எழுதிப் பழகினார்கள். சென்னையில் 1789 முதல் அநாதைச் சிறுவர் விடுதிப் பள்ளியொன்றை நடத்திய அன்ட்ரூ பெல் என்ற பாதிரியார் இத்தகைய மணலெழுத்தைக் கண்டு தம் பள்ளியிலும் புகுத்தினார். பிள்ளைகளைக் கொண்டே பிள்ளைகளுக்குக் கற்பித்த தம் முறையை 1797இல் இலண்டனில் நூலாக அச்சிட்டார். அது பிரித்தானியப் பள்ளிகளில் பரவியது. பிள்ளை பிள்ளையிடம் கற்பது என்பது ஆலோசகர் வெளியிலிருந்து கொண்டுவந்த புதுமையாக உங்களுக்குத் தோன்றினால், அது நம் திண்ணையிலேயே இருந்தது என்பதை நினைவில் கொள்ளுங்கள்.

மனனத்தை நான் கைவிடச் சொல்லவில்லை. ஏழாம் வாய்பாடு நாவில் நிற்காத பிள்ளை வகுத்தலில் தடுமாறும், பின்னத்தில் நின்றேவிடும். தினமும் சில நிமிடம் ஒப்புவிக்க வையுங்கள். ஆனால் பிரம்பை அதனோடு சேர்க்காதீர்கள். உடல் ரீதியான தண்டனையைக் கல்வி அமைச்சின் சுற்றறிக்கைகள் தடை செய்திருப்பது ஒருபுறம் இருக்கட்டும். அடி வாங்கிப் படித்தேன், தேறினேன் என்று எழுத நீங்கள் இருக்கிறீர்கள். உங்களோடு முதலாம் வகுப்பில் இருந்து, அடிக்குப் பயந்து எட்டாம் வகுப்போடு நின்று, கொழும்பில் கடைக்கும் வீட்டு வேலைக்கும் போனவர்கள் கடிதம் எழுதுவதில்லை. அவர்களையும் கணக்கில் சேர்த்தால் அந்தப் பிரம்பின் பெறுபேறு வேறாகத் தெரியும். உங்களை வளர்த்தது உங்கள் ஆசிரியரின் அக்கறையும் ஒழுங்கும் என்றே நம்புகிறேன்.

இனி, பிள்ளை முன்னே நடக்க வேண்டிய இடம் எது என்பதற்கு வருகிறேன். தரம் 7இன் சதவீதப் பாடத்தை எடுத்துக்கொள்ளுங்கள். சதவீதம் என்றால் என்ன, எப்படிக் கணிப்பது என்பதை முதல் பாடவேளையில் கரும்பலகையில் நீங்களே தெளிவாகச் சொல்லிக்கொடுங்கள். அடுத்த நாள் ஒரு மாதிரிச் சம்பளத் துண்டைத் தயாரித்துக்கொண்டு போங்கள். பிள்ளைகளின் வீட்டுத் துண்டுகளைக் கேட்க வேண்டாம். அவற்றில் முற்பணமும் கடனும் கழிவுகளும் எழுதப்பட்டிருக்கும், ஒரு குடும்பத்தின் கஷ்டத்தை வகுப்பின் முன் விரிக்க நமக்கு உரிமையில்லை. 2024இல் நிர்ணயிக்கப்பட்ட அடிப்படை நாட்சம்பளமான 1,350 ரூபாயை வைத்து, இருபது நாள் வேலை செய்த ஒருவருக்கு 27,000 ரூபாய் என்று எழுதுங்கள். ஓய்வுகாலச் சேமிப்பான ஊழியர் சேமலாப நிதிக்குத் தொழிலாளியிடம் கழிப்பது 8 சதவீதம், 2,160 ரூபாய். தோட்ட நிர்வாகம் தன் பங்காகச் செலுத்த வேண்டியது 12 சதவீதம், 3,240 ரூபாய். ஊழியர் நம்பிக்கை நிதிக்கு நிர்வாகம் செலுத்துவது 3 சதவீதம், 810 ரூபாய்.

சதவீதங்களை மட்டும் கொடுங்கள், விடையாக வரும் தொகைகளை நீங்கள் சொல்லிவிடாதீர்கள்; இங்கேதான் குழு வேண்டும். நால்வர் கொண்ட குழுவில் மூவருக்கு ஒவ்வொரு கணிப்பு, நான்காமவர் சரிபார்ப்பவர். முடிந்ததும் குழுவில் யார் எழுந்து விளக்க வேண்டும் என்பதை நீங்கள் அந்தக் கணத்தில்தான் தெரிவு செய்ய வேண்டும். எவர் பெயரும் வரலாம் என்ற நிலையில் ஒதுங்கிப் பார்த்திருக்க முடியாது; கெட்டிக்காரப் பிள்ளையும் தான் மட்டும் முடித்தால் போதாது, பக்கத்தில் இருப்பவளுக்கு விளங்க வைக்க வேண்டும் என்று உணரும். குழு வேலை குலைவது பெரும்பாலும் இந்த ஏற்பாடு இல்லாததால்தான். பிறகு கேள்விகள் வரும். அரைப் பேர், அதாவது அரை நாள் சம்பளம், போட்டால் இந்த 8 சதவீதம் என்னாகும்? நிர்வாகம் தன் 12 சதவீதத்தைக் கட்டியதா என்று அம்மா எப்படி அறிந்துகொள்வது? பதினைந்து வருடம் வேலை செய்தால் எவ்வளவு சேரும்? எந்தப் பாடநூலும் கேட்காத இக்கேள்விகளை உங்கள் வகுப்புப் பிள்ளைகள்தான் கேட்க முடியும், ஏனெனில் தராசடியில் நின்று நிறுவையைப் பார்த்து வளர்ந்தவர்கள் அவர்கள். புத்தகமில்லாத வீடு என்று எழுதியிருந்தீர்கள். கணக்கில்லாத வீடு லயத்தில் கிடையாது.

ஆலோசகர் சொல்வதிலும் உண்மை உண்டு என்பதை நீங்கள் ஏற்க வேண்டும் என விரும்புகிறேன். பல்கலைக்கழக மட்டத்தில் விஞ்ஞானம், பொறியியல், கணிதம் கற்பித்தல் பற்றிய 225 ஆய்வுகளைத் தொகுத்து 2014இல் வெளியான பகுப்பாய்வு, விரிவுரையை மட்டும் கேட்ட மாணவரில் ஏறத்தாழ 34 சதவீதத்தினரும், செயற்பட்டுக் கற்ற மாணவரில் ஏறத்தாழ 22 சதவீதத்தினரும் சித்தியடையவில்லை என்று கண்டது. அவர்கள் அடிப்படையை முன்பே பெற்றுவிட்டவர்கள் என்பதையும் சேர்த்தே இதை வாசிக்க வேண்டும். நம் சொந்தப் பாடத்திட்டமும் கண்மூடித்தனமாக ஒரு பக்கம் சாயவில்லை. 1990களின் இறுதியில் வந்த ஆரம்பக் கல்விச் சீர்திருத்தம் விளையாட்டு, செயற்பாடு, மேசை வேலை என்ற மூன்றையும் வைத்து, தரம் 1இல் விளையாட்டுக்கும் தரம் 5இல் மேசை வேலைக்கும் கூடிய இடம் கொடுத்தது. 2007இலிருந்து இடைநிலை வகுப்புகளுக்கு வந்த 5ஈ எனும் ஐந்து படிக் கற்பித்தல் மாதிரியில் ஈடுபடுதல், கண்டறிதல் ஆகியவற்றுக்கு அடுத்த மூன்றாவது படியாக விளக்கமளித்தல் இருக்கிறது. நாற்பது நிமிடத்தில் முதலிரண்டு படிகளிலேயே மணி அடித்துவிடுவதால் மூன்றாவது படி காணாமல் போகிறது. நீங்கள் அவசரமாக எழுதிப் போடும் விடை அந்த இழப்பின் அடையாளம். அதிபரிடம் பேசி வாரத்தில் ஒரு நாளாவது இரண்டு பாடவேளைகளைச் சேர்த்து வாங்குங்கள்.

பல வகுப்புகளை ஒரே அறையில் வைத்திருக்கும் உங்கள் அயல் பாடசாலை ஆசிரியர்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். ஆந்திராவின் ரிஷி வேலியில் கிராமத்துச் சிறு பள்ளிகளுக்கென உருவான அட்டை முறையைத் தழுவி, 2003இல் சென்னை மாநகராட்சிப் பள்ளிகளில் செயல்வழிக் கற்றல் தொடங்கியது. 2007இல் அது தமிழகம் முழுவதற்கும் விரிந்தது. பாடம் சிறு படிகளாகப் பிரிக்கப்பட்டு அட்டைகளில் இருக்கும். பிள்ளை தன் வேகத்தில் ஏணிப்படிபோல் ஏறும். சுவரின் கீழ்ப்பகுதியில் பிள்ளையின் கைக்கு எட்டும் கரும்பலகை இருக்கும். ஓர் ஆசிரியர் ஐந்து வகுப்புக்கு ஈடுகொடுக்க, பார்த்தெழுத வைப்பதைவிட இது மேலான வழி. அட்டையைக் கொடுத்துவிட்டு ஆசிரியர் ஒதுங்கிவிட்டால் இதுவும் வெறும் பார்த்தெழுதலாகிவிடும்.

புலமைப்பரிசில் பற்றிப் பெற்றோர் கேட்பது நியாயமானது. நகரத்து நல்ல பாடசாலையொன்றுக்கும் மாதாந்த உதவிப் பணத்துக்கும் அவர்கள் அறிந்த கதவு அது ஒன்றுதான். கடந்தகால வினாத்தாளைச் செய்யுங்கள். ஆனால் ஒரே நாளில் நாற்பது வினாவுக்கு விடை வாசித்து முடிப்பதற்குப் பதிலாக, ஐந்து வினாக்களை எடுத்து, பிழையான விடையைத் தெரிவு செய்த பிள்ளையிடம் ஏன் அதைத் தெரிவு செய்தாய் என்று அமைதியாகக் கேளுங்கள். அந்தப் பதிலில்தான் நாளைக்கு நீங்கள் எதைக் கற்பிக்க வேண்டும் என்பது இருக்கிறது. அடுத்த பெற்றோர் கூட்டத்தில் புள்ளிப் பட்டியலை வாசிப்பதோடு நிறுத்தாமல், ஒரு பிள்ளையைத் தாய்மாரின் முன் நிறுத்திச் சேமலாப நிதிக் கணக்கை விளக்கச் சொல்லுங்கள். தரம் 7இன் அந்தப் பாடம் எப்படி நடந்தது என்பதை, குறிப்பாகப் பின்வரிசைப் பிள்ளைகள் என்ன கேட்டார்கள் என்பதை, எனக்கு எழுதுவீர்கள் என எதிர்பார்க்கிறேன்.

அன்புடன்.